49 ஆம்பியர் மாஸ்ஃபெட் 8 ஆம்பியரில் ஏன் எரிகிறது? டேட்டாஷீட்டை வாசிக்கும் விதம்

மார்த்தாண்டம் பக்கத்திலிருந்து ஒரு தம்பி கேட்டிருந்தார். வீட்டில் தேனீப் பெட்டிகள் வைத்திருக்கிறார்கள். ரப்பர் தளிர் விடும் காலத்தில் பெட்டிகளைத் தோட்டத்துக்குக் கொண்டுபோய் அங்கேயே தேன் எடுப்பது வழக்கம். கையால் சுற்றும் டிரம்மில் காரின் வைப்பர் மோட்டாரைப் பொருத்தி, 12 வோல்ட் பேட்டரியில் ஓட்டப் பார்க்கிறார். வேகம் மெல்ல மெல்ல ஏற வேண்டும், இல்லாவிட்டால் அடை உடைந்துவிடும். அதற்காக ஈஎஸ்பி32 என்ற சின்னக் கம்ப்யூட்டர் போர்டிலிருந்து பிடபிள்யூஎம் (வேகமாக ஆன், ஆஃப் ஆகும் துடிப்பு, ஆன் நேரம் கூடினால் வேகம் கூடும்) எடுத்து, ஐஆர்எஃப்இசட்44என் என்ற மாஸ்ஃபெட் (வோல்டேஜால் திறந்து மூடும் ஸ்விட்ச்) வழியாக மோட்டாரை ஓட்டுகிறார். மூன்று மாஸ்ஃபெட் போய்விட்டது. "டேட்டாஷீட்டில் 49 ஆம்பியர் என்று இருக்கிறது, என் மோட்டார் சுமையோடு 8 ஆம்பியர்தான் எடுக்கிறது. டேட்டாஷீட் பொய் சொல்கிறதா, எனக்கு வாசிக்கத் தெரியவில்லையா?" என்பதுதான் கேள்வி.

டேட்டாஷீட், அதாவது தயாரிப்பாளர் தரும் விவரத் தாள், பொய் சொல்லவில்லை தம்பி. அதில் எந்த எண்ணும் தனியாக நிற்பதில்லை, ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு நிபந்தனை இருக்கிறது. நாம் எண்ணை எடுத்துக்கொண்டு நிபந்தனையை விட்டுவிடுகிறோம். முப்பந்தலில் நிற்கும் ஒரு காற்றாலையில் 250 கிலோவாட் என்று எழுதியிருந்தால், அது குறிப்பிட்ட காற்று வேகத்தில் தரும் அளவு. ஆடிக் காற்றில் அது கிடைக்கும். காற்று விழுந்த மாதத்தில் அதே காற்றாலை இறக்கை அசையாமல் நிற்கும். ஆரல்வாய்மொழி வழியாகப் பேருந்தில் போகிற யாரும் இதைத் தப்பாகப் புரிந்துகொள்வதில்லை. ஆனால் மாஸ்ஃபெட்டின் 49 ஆம்பியரை மட்டும் எப்போதும் கிடைக்கும் என்று எடுத்துக்கொள்கிறோம்.

நாகர்கோவிலில் இருபது வருடத்துக்கு மேலாக இன்வெர்ட்டர், சார்ஜர் போர்டுகளைப் பழுது பார்க்கிறேன். என் மேசைக்கு வரும் எரிந்த மாஸ்ஃபெட்டுகளில் பெரும்பகுதி, நீங்கள் தொலைத்த அந்த மூன்று வழிகளில் ஏதோ ஒன்றில்தான் போயிருக்கும். அதனால் உங்கள் மூன்றையும் ஒவ்வொன்றாக எடுத்து, டேட்டாஷீட்டின் எந்த வரி அதைச் சொல்லியிருக்கிறது என்று காட்டுகிறேன்.

தொடங்கும் முன் ஒன்று. இந்த எண்ணுள்ள மாஸ்ஃபெட்டை முதலில் கொண்டுவந்தது இன்டர்நேஷனல் ரெக்டிஃபையர். 2015 ஜனவரியில் அந்த நிறுவனம் இன்ஃபினியானுக்குள் போய்விட்டது. அதனால் இரண்டு பெயரிலும் தாள்கள் கிடைக்கும். வேறு நிறுவனங்களும் இதே எண்ணில் தயாரிக்கின்றன, அவர்கள் தாளில் சில எண்கள் மாறும். உங்கள் கையில் இருப்பது யாருடையதோ அவர்களுடைய தாளைத்தான் பார்க்க வேண்டும். நான் கீழே சொல்வதெல்லாம் இன்டர்நேஷனல் ரெக்டிஃபையரின் தாளில் உள்ளவை.

சரி, முதல் மாஸ்ஃபெட். அதற்கு மூன்று கால்: கரண்ட் டிரெயினில் நுழைந்து சோர்ஸில் வெளியேறும், கேட்டில் கொடுக்கும் வோல்டேஜ் அந்த வழியைத் திறந்து மூடும். ஈஎஸ்பி32 பின்னை நேராக கேட்டில் கொடுத்தீர்கள். மோட்டார் முனகியது, மாஸ்ஃபெட் தொட முடியாத சூடானது, கொஞ்ச நேரத்தில் போனது. ஆனால் அதே சுற்றில் நண்பர் ஒருவர் வேறு துண்டைப் போட்டபோது மோட்டார் அசையவே இல்லை என்றும் எழுதியிருந்தீர்கள். இரண்டுக்கும் ஒரே காரணம்.

தாளில் கேட் த்ரெஷோல்ட் வோல்டேஜ் என்ற வரியைப் பாருங்கள். குறைந்தபட்சம் 2, அதிகபட்சம் 4 வோல்ட். நம் ஆட்கள் இதைப் பார்த்து "2 வோல்ட்டில் ஆன் ஆகிவிடும், 3.3 தாராளம்" என்று முடிவு கட்டுகிறார்கள். அதே வரியின் கடைசிக் கட்டத்துக்குப் போங்கள். டிரெயின் கரண்ட் 250 மைக்ரோஆம்பியர் என்று இருக்கும். கால் மில்லிஆம்பியர்! ஒரு எல்இடி ஒழுங்காக எரியக்கூடப் போதாத கரண்ட். குழாயைத் திருகும்போது முதல் சொட்டு விழுகிற இடம் அது. வாளி நிறைய வேண்டுமானால் இன்னும் எவ்வளவோ திருக வேண்டும். அந்த முதல் சொட்டே ஒரு துண்டில் 2 வோல்ட்டில் விழலாம், இன்னொன்றில் 4 வோல்ட்டில் விழலாம். உங்கள் துண்டு பாதி திறந்து மோட்டாருக்கும் பேட்டரிக்கும் நடுவே ஒரு ஹீட்டராக உட்கார்ந்தது. நண்பரின் துண்டு திறக்கவே இல்லை.

அப்படியானால் முழுதாகத் திறக்க எவ்வளவு வேண்டும்? ஆன் ரெசிஸ்டன்ஸ் (திறந்திருக்கும்போதும் மிஞ்சும் தடை) வரி அதைச் சொல்லும். அதிகபட்சம் 17.5 மில்லிஓம், நிபந்தனை கேட்டில் 10 வோல்ட். இந்தத் தாளில் ஆன் ரெசிஸ்டன்ஸுக்கு வேறு வரியே கிடையாது. அதாவது 10 வோல்ட்டில் மட்டும்தான் தயாரிப்பாளர் உத்தரவாதம் தருகிறார். முதல் வரைபடத்திலும் இது தெரியும். கேட் வோல்டேஜ் வாரியாகக் கோடுகள் போட்டிருப்பார்கள், அடியில் இருக்கும் கோடு 4.5 வோல்ட். உங்கள் 3.3 அந்தப் படத்துக்குள்ளேயே வரவில்லை.

இதைச் சொன்னதும் "அப்போ லாஜிக் லெவல் மாஸ்ஃபெட் (குறைந்த கேட் வோல்டேஜிலேயே திறப்பது) வாங்கிக்கொள்கிறேன், ஐஆர்எல்இசட்44என்" என்பீர்கள். நல்ல யோசனைதான், ஆனால் அதற்கும் அதே வரியைப் பார்த்துவிட்டு வாங்குங்கள். அதில் ஆன் ரெசிஸ்டன்ஸ் மூன்று இடத்தில் கொடுத்திருக்கிறார்கள்: 10 வோல்ட்டில் 22 மில்லிஓம், 5 வோல்ட்டில் 25, 4 வோல்ட்டில் 35. அத்தோடு முடிந்தது. 5 வோல்ட்டில் ஓடும் ஆர்டுயினோ போர்டுக்கு அது பொருந்தும். 3.3 வோல்ட்டுக்கு எந்த உத்தரவாதமும் அதில் இல்லை. பெரும்பாலும் ஓடும், ஆனால் நான் யாருக்காவது செய்து கொடுக்கிற பொருளில் அதைப் போட மாட்டேன்.

இரண்டாவது மாஸ்ஃபெட்டுக்கு வருவோம். யாரோ சொன்னதைக் கேட்டு, பிசி547 டிரான்சிஸ்டர் ஒன்றைப் போட்டு, கேட்டை 10 கிலோஓம் வழியாக 12 வோல்ட்டுக்கு இழுத்தீர்கள். மோட்டாரின் கீச்சொலி கேட்காமல் இருக்க 20 கிலோஹெர்ட்ஸ் வைத்தீர்கள். கேட் வோல்டேஜ் இப்போது சரி. ஆனாலும் சில நொடியில் போய்விட்டது. இந்த இடம்தான் டேட்டாஷீட்டிலேயே பலரும் தாண்டிப் போகிற இடம், அதனால் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம்.

கேட் என்பது ஒரு கெப்பாசிட்டர். அதை நிரப்பினால்தான் மாஸ்ஃபெட் திறக்கும், காலி செய்தால்தான் மூடும். எவ்வளவு பெரிய கெப்பாசிட்டர்? தாளில் இன்புட் கெப்பாசிட்டன்ஸ் 1470 பிகோஃபாரட் என்று இருக்கும். அதை வைத்துக் கணக்குப் போடக் கூடாது. அந்த அளவை எடுத்தது டிரெயினில் வோல்டேஜ் ஆடாமல் நிற்கும்போது. ஸ்விட்ச் ஆகும்போது டிரெயின் 12 வோல்ட்டிலிருந்து பூஜ்யத்துக்கு விழுகிறது. விழும்போது கேட்டுக்கும் டிரெயினுக்கும் நடுவில் உள்ள சிறிய கெப்பாசிட்டன்ஸ், நீங்கள் ஊற்றுகிற சார்ஜையெல்லாம் தன் பக்கம் இழுத்துக்கொள்கிறது. இதற்கு மில்லர் விளைவு என்று பெயர். அதனால் பார்க்க வேண்டிய வரி டோட்டல் கேட் சார்ஜ்: அதிகபட்சம் 63 நானோகூலூம், கேட் 10 வோல்ட்டுக்கு ஏற. 63-ஐ 10-ஆல் வகுத்தால் 6.3 நானோஃபாரட். 1470 பிகோஃபாரட்டைப் போல நான்கு மடங்குக்கும் மேல்!

கேட் சார்ஜ் வரைபடத்தை ஒருமுறை கண்ணால் பாருங்கள். கோடு ஏறும், நடுவில் தரையைப் போலச் சமமாகக் கொஞ்ச தூரம் போகும், மறுபடி ஏறும். அந்தச் சமதரையில்தான் மாஸ்ஃபெட்டின் உயிர் ஊசலாடுகிறது. அப்போது கரண்ட் முழுதாக ஓடிக்கொண்டிருக்கிறது, டிரெயின் வோல்டேஜ் இன்னும் விழுந்து முடியவில்லை. இரண்டும் சேர்ந்து இருக்கிற நேரம் முழுக்கச் சூடு. அந்த இடத்தை எவ்வளவு சீக்கிரம் தாண்டுகிறோமோ அவ்வளவு நல்லது.

தாண்ட வேண்டிய சார்ஜ் எவ்வளவு? கேட் டிரெயின் சார்ஜ் 23 நானோகூலூம், அதோடு கேட் சோர்ஸ் சார்ஜான 14-ல் பாதியைச் சேர்த்தால் சுமார் 30. உங்கள் 10 கிலோஓம் வழியாக அந்தச் சமயத்தில் எவ்வளவு கரண்ட் வரும்? சமதரை 5 வோல்ட் பக்கத்தில் இருந்தால், மீதி 7 வோல்ட்டை 10 கிலோஓமால் வகுக்க 0.7 மில்லிஆம்பியர். 30 நானோகூலூமை 0.7 மில்லிஆம்பியரால் வகுத்தால் 43 மைக்ரோசெகண்ட். 20 கிலோஹெர்ட்ஸில் ஒரு முழுச் சுற்றே 50 மைக்ரோசெகண்ட்தான். உங்கள் மாஸ்ஃபெட் திறந்து முடிப்பதற்குள் மூடச் சொல்லிவிட்டீர்கள். அது ஒரு தடவைகூட முழுதாகத் திறக்கவே இல்லை.

கேட் டிரைவர் என்று ஒரு ஐசி இருப்பதே இதற்காகத்தான். டிசி4427 போல ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். சப்ளை 4.5 முதல் 18 வோல்ட் வரை, இன்புட்டில் 2.4 வோல்ட்டுக்கு மேல் வந்தால் ஹை என்று எடுத்துக்கொள்ளும், எனவே ஈஎஸ்பி32-வின் 3.3 அதற்குப் போதும். உச்சக் கரண்ட் 1.5 ஆம்பியர். இங்கேயும் நிபந்தனையை விடாதீர்கள். அந்த 1.5 என்பது 18 வோல்ட் சப்ளையில் சொன்னது, 12 வோல்ட்டில் குறையும். ஏறும் நேரம், இறங்கும் நேரம் எல்லாம் 1000 பிகோஃபாரட் சுமையில் அளந்தவை, நம் கேட் அதைவிடப் பெரியது. அப்படியே குறைத்துப் பார்த்தாலும், நடுவில் 10 ஓம் கேட் ரெசிஸ்டர் வைத்தாலும், 100 நானோசெகண்ட் அளவில் சமதரையைத் தாண்டிவிடலாம்.

வித்தியாசம் எவ்வளவு என்று ஒரு கணக்கு. ஸ்விட்ச்சிங் இழப்பு என்பது வோல்டேஜ் பெருக்கல் கரண்ட்டில் பாதி, அதை மாறும் நேரத்தாலும் ஃப்ரீக்வென்சியாலும் பெருக்க வேண்டும். 12 வோல்ட், 8 ஆம்பியர், பாதி 48. டிரைவரோடு ஏற 100, இறங்க 100, மொத்தம் 200 நானோசெகண்ட், 20 கிலோஹெர்ட்ஸ்: 0.19 வாட். 10 கிலோஓமின் 43 மைக்ரோசெகண்டை அதே கணக்கில் போட்டால் 41 வாட். ஹீட்சிங்க் (சூட்டை இழுத்து வெளியேற்றும் உலோகத் துண்டு) இல்லாத ஒரு மாஸ்ஃபெட்டில் 41 வாட்! சில நொடி தாங்கியதே பெரிது.

மூன்றாவது மாஸ்ஃபெட்தான் உங்களைக் குழப்பியிருக்கும். 10 கிலோஓமை 1 கிலோஓம் ஆக்கி, ஃப்ரீக்வென்சியை 1 கிலோஹெர்ட்ஸுக்கு இறக்கினீர்கள். ஸ்விட்ச்சிங் இழப்பு 0.2 வாட்டுக்கு வந்துவிட்டது, கேட்டும் நன்றாக நிரம்புகிறது. டிரம் அழகாகச் சுற்றியது. முழு வேகத்தில் பத்து நிமிடம் ஓடி, அப்புறம் போனது. ஹீட்சிங்க் இல்லை, பிளாஸ்டிக் டப்பாவுக்குள் மூடி வைத்திருந்தீர்கள்.

இப்போது அந்த 49 ஆம்பியரின் நிபந்தனையைப் பாருங்கள்: கேஸ் வெப்பம் 25 டிகிரி. கேஸ் என்பது மாஸ்ஃபெட்டின் உலோக முதுகு. முழுக் கரண்ட் ஓடும்போதும் அந்த முதுகை 25 டிகிரியிலேயே பிடித்து வைத்திருந்தால் 49 ஆம்பியர். நம் ஊரில் நிழலில் சும்மா கிடந்தாலே அது 30-ஐத் தாண்டும். அடுத்த வரியிலேயே கேஸ் 100 டிகிரியில் 35 ஆம்பியர் என்று குறைத்திருப்பார்கள். அதுவும் பெரிய ஹீட்சிங்க் இருக்கிறவர்களுக்கான எண்.

ஹீட்சிங்க் இல்லாத உங்களுக்கான எண் வேறு அட்டவணையில் இருக்கிறது. தெர்மல் ரெசிஸ்டன்ஸ், ஜங்ஷனிலிருந்து (உள்ளே இருக்கும் சிலிக்கான் சில்லிலிருந்து) காற்றுக்கு: ஒரு வாட்டுக்கு 62 டிகிரி. என்னைக் கேட்டால் பவர் பாகம் எதையும் வாங்கும் முன் முதலில் பார்க்க வேண்டியது இந்த ஒரு எண்ணைத்தான். அதை வைத்துக் கணக்கை ஒரு காகிதத்தில் போடுங்கள். 8 ஆம்பியரின் வர்க்கம் 64. அதை 0.0175-ஆல் பெருக்க 1.12 வாட். அதை 62-ஆல் பெருக்க 69 டிகிரி. வெளியே 35 என்றால் ஜங்ஷன் 104. இத்தோடு நின்றால் பிழைத்துவிடும், தாளில் அதிகபட்சம் 175 என்றுதானே இருக்கிறது.

ஆனால் நிற்காது. 17.5 மில்லிஓம் என்பது ஜங்ஷன் 25 டிகிரியில் இருக்கும்போது அளந்தது. சூடாக ஆக ரெசிஸ்டன்ஸ் ஏறும், அதற்கும் தாளில் ஒரு வரைபடம் உண்டு. 100 டிகிரியில் சுமார் ஒன்றரை மடங்கு. அப்படியானால் இழப்பு 1.68 வாட், உயர்வு 104 டிகிரி, ஜங்ஷன் 139. அந்தச் சூட்டில் ரெசிஸ்டன்ஸ் சுமார் 1.8 மடங்கு: 2 வாட், ஜங்ஷன் 160. மறுபடி ஏறும். ஸ்விட்ச்சிங்கின் 0.2 வாட் இன்னொரு 12 டிகிரியைச் சேர்க்கும். மூடிய டப்பாவுக்குள் காற்றே 50 டிகிரிக்குப் போயிருக்கும். ஒவ்வொரு சுற்றிலும் சூடு ரெசிஸ்டன்ஸைக் கூட்டுகிறது, ரெசிஸ்டன்ஸ் சூட்டைக் கூட்டுகிறது. பத்து நிமிடத்தில் 175-ஐத் தாண்டியிருக்கிறது. இது தாளின் அதிகபட்ச எண்களை வைத்துப் போட்ட கணக்கு, நல்ல துண்டு கொஞ்சம் கூடத் தாங்கலாம். அதை நம்பிச் செய்யக் கூடாது.

இதற்குப் பெரிய ஹீட்சிங்க் எதுவும் தேவையில்லை என்பதுதான் நல்ல செய்தி. டப்பாவுக்குள் 50 டிகிரி, ஜங்ஷன் 110-ஐத் தாண்டக் கூடாது என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தச் சூட்டில் மொத்த இழப்பு 2 வாட் வரும். 60 டிகிரியை 2 வாட்டால் வகுக்க 30. அதிலிருந்து ஜங்ஷன் முதல் கேஸ் வரை 1.5, பேஸ்ட் பூசிய இணைப்புக்கு 0.5 கழித்தால் 28. வாட்டுக்கு 20 டிகிரி உள்ள சின்ன அலுமினியத் துண்டே போதும். மாஸ்ஃபெட்டின் முதுகு டிரெயினோடு இணைந்தது, ஹீட்சிங்க் வேறெதிலும் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள், அல்லது மைக்கா தாளும் புஷ்ஷும் போடுங்கள்.

மோட்டாரின் குறுக்கே 1என்4007 போட்டிருப்பதாக எழுதியிருந்தீர்கள். அதையும் மாற்ற வேண்டும். மாஸ்ஃபெட் மூடுகிற ஒவ்வொரு முறையும் மோட்டாரின் 8 ஆம்பியர் அந்த டையோடு வழியாகத்தான் சுற்றி வருகிறது. 1என்4007 சராசரி 1 ஆம்பியருக்கானது. போதாததற்கு அது 50 ஹெர்ட்ஸ் கரண்டுக்கான டையோடு, சீக்கிரம் மூடத் தெரியாது. எம்பிஆர்20100சிடி போல சீக்கிரம் மூடும் ஒரு ஷாட்கி டையோடு போடுங்கள், ஒரு காலுக்கு 10 ஆம்பியர், 100 வோல்ட். பழைய எஸ்எம்பிஎஸ் (கம்ப்யூட்டர் பவர் சப்ளை போன்ற) போர்டுகளிலேயே கிடைக்கும். "மாஸ்ஃபெட்டுக்குள்ளேயே ஒரு டையோடு இருக்கிறதே" என்று கேட்கிறவர்கள் உண்டு. அது மாஸ்ஃபெட்டின் குறுக்கே இருக்கிறது. நமக்கு வேண்டியது மோட்டாரின் குறுக்கே.

தேன் அடைகள் நிறைந்த டிரம் நின்ற நிலையில் கனமாக இருக்கும். அசையாத மோட்டார் வெறும் கம்பிச் சுருள்தான். சுருளின் ரெசிஸ்டன்ஸ் 0.6 ஓம் என்றால் 20 ஆம்பியர் எடுக்கும். ஒரு நொடிக்கு மாஸ்ஃபெட் தாங்கும். டிரம் சிக்கிக்கொண்டு அப்படியே நின்றால் தாங்காது, அதனால் பேட்டரி கம்பியில் 15 ஆம்பியர் பிளேட் ஃபியூஸ் கட்டாயம். மெதுவாகத் தொடங்குவதை பிடபிள்யூஎம்மாலேயே செய்யுங்கள். கேட் வோல்டேஜை மெல்ல ஏற்றிச் செய்ய நினைக்காதீர்கள். தாளில் சேஃப் ஆபரேட்டிங் ஏரியா என்ற வரைபடத்தில் உள்ள கோடுகள் மில்லிசெகண்ட் கணக்கில் ஒற்றைத் துடிப்புக்கானவை, தொடர்ந்து பாதி திறந்து நிற்பதற்கு அங்கே கோடே இல்லை.

ஈஎஸ்பி32 துவங்கும்போது அதன் பின்கள் கொஞ்ச நேரம் எங்கும் பிடிப்பில்லாமல் மிதக்கும். டிரைவரின் இன்புட்டுக்கும் கிரவுண்டுக்கும் ஒரு 10 கிலோஓம், மாஸ்ஃபெட் கேட்டுக்கும் சோர்ஸுக்கும் ஒன்று. டிரைவர் ஐசியின் சப்ளைக் கால்களை ஒட்டி 0.1 மைக்ரோஃபாரட் செராமிக்கும் ஒரு 10 மைக்ரோஃபாரட்டும் வையுங்கள். கேட்டில் அதிகபட்சம் 20 வோல்ட்தான் என்பதால், அங்கே ஒரு 15 வோல்ட் ஜீனர் (வோல்டேஜை அதற்கு மேல் ஏறவிடாத டையோடு) இருப்பது நல்லது.

கடைசியாக, வாங்கும் மாஸ்ஃபெட் அசல்தானா என்ற கேள்வி. மேலே உள்ள எழுத்தை அழித்து வேறு எண் அடித்த துண்டுகள் சந்தையில் நிறைய. ஒருமுறை இருபது துண்டு வாங்கிவந்து, ஒரே இன்வெர்ட்டரில் மூன்று தடவை மாற்றி மாற்றிப் போட்டு, இரண்டு நாள் வீணாக்கிய பிறகுதான் அளந்து பார்த்தேன். இப்போது எதையும் அளக்காமல் போடுவதில்லை. அளப்பதும் எளிது. கேட்டுக்கும் சோர்ஸுக்கும் 10 வோல்ட் கொடுங்கள். 12 வோல்ட் பேட்டரியிலிருந்து கார் ஹெட்லைட் பல்ப் ஒன்றின் வழியாக டிரெயினில் கரண்ட் விடுங்கள், 60 வாட் பல்ப் என்றால் 5 ஆம்பியர் அளவில் ஓடும். மல்டிமீட்டரை மில்லிவோல்ட்டில் வைத்து, முனைகளை டிரெயின், சோர்ஸ் கால்கள் உடம்பிலிருந்து வெளிவருகிற இடத்திலேயே ஒட்டிப் பிடியுங்கள். காலின் நுனியில் பிடித்தால் காலின் ரெசிஸ்டன்ஸும் சேர்ந்துவிடும். 5 ஆம்பியரை 17.5 மில்லிஓமால் பெருக்க 87 மில்லிவோல்ட். ஆறின துண்டில் அதற்குக் கீழே காட்டினால் நம்பலாம். 200 காட்டினால் அது உள்ளே வேறு ஏதோ.

டிரைவரும் ஹீட்சிங்க்கும் போட்டு, டிரம்மில் தண்ணீர் நிறைத்த பாட்டில்களைக் கட்டி, டப்பாவை மூடி கால் மணி நேரம் முழு வேகத்தில் ஓட்டுங்கள். அப்புறம் டப்பாவைத் திறந்த உடனே மாஸ்ஃபெட்டின் உலோக முதுகில் வெப்பமானியை வையுங்கள். இழப்பு 2 வாட், ஜங்ஷனிலிருந்து கேஸுக்கு வாட்டுக்கு 1.5 டிகிரி, எனவே உள்ளே இருப்பது நீங்கள் பார்க்கும் எண்ணைவிட 3 டிகிரிதான் கூடுதல். 90-க்குக் கீழே இருந்தால் தோட்டத்துக்குக் கொண்டுபோகலாம். அதற்கு மேல் போனால் மில்லிவோல்ட் அளவையும் முதுகின் வெப்பத்தையும் எழுதி அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன்.